ரீனாவின் பத்தியைப் பார்க்காமல்

செப்டம்பர் 8, 2025, திங்கள்

பிற்பகல் 2.47க்கு மெயில் வந்தது. வேல்ஸ் நாட்டு ஆய்விதழிலிருந்து, ரீனாவின் முகவரிக்கு. அவளுடைய மெயிலும் இப்போது என் போனில்தான் வருகிறது.

அவள் அனுப்பியிருந்த கட்டுரையை ஏற்றுக்கொண்டார்களாம்.

நான் வேடசந்தூர் மில்லில், மெஷினுக்கு அடியில் ஒரு சென்சாரைக் கழற்றிக்கொண்டிருந்தேன். அந்த இரைச்சலில் போன் அடித்தால் கேட்காது. மார்ச்சில் அப்படித்தான் கேட்கவில்லை. காலேஜ் முடிந்து வத்தலக்குண்டு பஸ் ஸ்டாண்டில் நின்றவள் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். மூளைக்குள் ரத்தக்குழாய் வெடித்துவிட்டது. பக்கத்தில் நின்ற யாரோ அவள் போனிலிருந்தே என்னைக் கூப்பிட்டிருக்கிறார்கள். திரும்பத் திரும்ப. போதாததற்கு என் போன் சைலண்டில் வேறு இருந்தது. டீ குடிக்க வெளியே வந்தபோதுதான் பார்த்தேன்.

அன்றிலிருந்து போனை அணைப்பதே இல்லை. சத்தம் முழுசாக, அதிர்வோடு, நெஞ்சுப் பையில். குளிக்கும்போது ஜன்னல் கட்டையில்.

'அன்புள்ள ரீனா, வாழ்த்துகள்' என்று தொடங்குகிறது. பத்திரிகை ஆசிரியர் ஒரு அம்மையார். ரீனா போய்விட்டதை அவருக்கு யாரும் சொல்லவில்லை. யார் சொல்லியிருக்க வேண்டும்?

சந்தோஷமா? ஒன்றும் தோன்றவில்லை. சென்சாரைத் திரும்ப மாட்டினேன்.

செப்டம்பர் 9

ஷிப்ட் முடிந்து அத்தை வீட்டுக்குப் போனேன். ரோஸ்மேரி அத்தை, ரீனாவின் அம்மா. திண்டுக்கல்லில் கணக்கு டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவர். மெயிலைப் படித்துக் காட்டினேன். கண்ணாடியைத் துடைத்துவிட்டு இன்னொரு தடவை படிக்கச் சொன்னார்.

"நெசமாவே அச்சுல வருமா மாப்ள?"

"வரும் அத்தை. ஒரே ஒரு தாள் பாக்கி. அக்டோபர் பத்துக்குள்ள அனுப்பணும்."

"அம்புட்டுதானா?"

அம்புட்டுதான் என்றேன்.

அவள் இருந்தபோது அத்தை இந்த வேலையைக் கேலிதான் செய்வார். "ஊர்ல இருக்கற பாஷை பத்தலைன்னு செத்த பாஷைக்கு உசிரு குடுக்கப் போறாளாம் எம்பொண்ணு." இன்று அப்படிச் சொல்லவில்லை. வாசல் வரைக்கும் வந்து மெதுவாகச் சொன்னார்: "கல்லறைத் திருநாளுக்குள்ள கெடச்சா அவகிட்டக் கொண்டு போய் வச்சிருவேன். இல்லாட்டி எம்பொண்ணு பேரு கல்லறைக் கல்லுல மட்டுந்தான் இருக்கும்."

கல்லறைத் திருநாள் நவம்பர் இரண்டு.

செப்டம்பர் 12

அந்தப் பாக்கித் தாள் என்னவென்று இன்றுதான் முழுசாகப் புரிந்தது.

ரீனாவின் அட்டவணையில் ஒவ்வொரு வரிசையும் ஒரு பொருள். அம்மா, மீன், ஐந்து, விதவை. அதற்கு எதிரே ஒன்பது மொழிகளில் சொல்: பழைய ஐரிஷ், வெல்ஷ், லத்தீன், சமஸ்கிருதம், ஆங்கிலம் என்று போகும். இதில் எவையெல்லாம் ஒரே தாய்ச்சொல்லிலிருந்து பிறந்தவை என்று நடுவர் தீர்ப்பு எழுத வேண்டும். தீர்ப்புகள் சேர்ந்தால்தான் ஆறாயிரம் வருஷத்துக்கு முன்னால், எழுத்தே இல்லாத காலத்தில், அந்த ஆட்கள் என்ன பேசினார்கள் என்று பின்னோக்கிக் கட்ட முடியும். அதனால் நடுவர் இருவர். ஒருவர் எழுதியதை மற்றவர் பார்க்கக் கூடாது. பிறகு இரண்டையும் ஒப்பிடுவார்கள்.

முதல் நடுவர் ரீனா; அவள் தீர்ப்பெல்லாம் அட்டவணையில் மேலிருந்து கீழாக ஒரு பத்தியில் இருக்கிறது. இரண்டாவது, கட்டுரையில் அச்சாகப்போகிறபடி, அவளுடைய ஆராய்ச்சி வழிகாட்டி அருள்நாதன் சார். அவர் பாதி முடித்துவிட்டதாகத்தான் ரீனா நம்பியிருந்தாள்.

போனில் கேட்டேன்.

"தம்பி, நான் ஆரம்பிக்கவே இல்ல."

"சார், பாதி முடிஞ்சதுன்னு அவ சொன்னாளே."

"சொல்லிட்டேன். செஞ்சிரலாம்னுதான் சொன்னேன். அவ போனப்பறம் அந்த ஃபைலைத் திறக்கக் கை வரல." இருமினார். "நீங்க கம்ப்யூட்டர்காரர். அவ போட்டதையே எடுங்க. நூத்துக்கு ஆறோ ஏழோ எடத்துல மாத்தி விடுங்க. எம்பேர்ல அனுப்பிடறேன். அவ பேரு அச்சுல வரணுமா வேணாமா?"

வரணும் சார் என்றேன்.

கை வரவில்லை என்பது உண்மையா, சாக்கா? நானும் மார்ச்சுக்குப் பிறகு அந்த ஃபைலைத் திறக்கவில்லை. அவரை என்னவென்று கேட்பது?

செப்டம்பர் 14, ஞாயிறு

எழுதிவிட்டேன். நாற்பது வரி புரோகிராம். ஃபைலைக் கண்ணால் பார்க்க வேண்டிய அவசியமே இல்லை. அது தானே ரீனாவின் பத்தியைப் படித்து, நூற்றுக்கு ஆறு இடத்தில் சீட்டுக் குலுக்கிப் போட்டதுபோல மாற்றி, இரண்டாம் நடுவர் தாளாகக் கொடுத்தது. சாருக்கு அனுப்பினேன். 'நன்று' என்று பதில்.

சாப்பிட்டேனா என்று நினைவில்லை.

செப்டம்பர் 15

மில் பஸ்ஸில் போகும்போது போனில் அந்தத் தாளைத் திறந்தேன். அம்மா என்ற வரிசை. லத்தீன் மாத்தேர். பழைய ஐரிஷ் மாத்திர். இரண்டுக்கும் உறவில்லை என்று இருக்கிறது. ஐந்து என்ற வரிசையில் சமஸ்கிருத பஞ்சவையும் கிரேக்க பெந்தேவையும் பிரித்து வைத்திருக்கிறது.

அதற்கு மேல் பார்க்காமல் மூடிவிட்டேன்.

போன வருஷம் மில் லேபில் ஒருத்தன் நூலைச் சோதிக்காமலே அளவுகளைக் கற்பனையில் எழுதிக்கொண்டிருந்தான். கண்டுபிடித்தது நான்தான். நல்ல மெஷின், மோசமான மெஷின் எல்லாவற்றிலும் ஒரே அளவு ஏற்ற இறக்கம் போட்டிருந்தான். மனுஷன் தப்புப் பண்ணினால் கஷ்டமான இடத்தில்தான் கூட்டமாகத் தப்பு வரும். சுலபமான இடத்தில் வராது. நான் இப்போது அதையே செய்திருக்கிறேன், புரோகிராம் போட்டு. வேல்ஸில் யாராவது அம்மா வரிசையைப் பார்த்தால் போதும். முதலில் சிரிப்பார்கள். அப்புறம் ரீனாவின் பத்தியையும் நம்ப மாட்டார்கள்.

அவ பேரைக் காப்பாத்துறேன்னு அவ பேரையே கெடுக்கப் பாத்திருக்கேன்.

செப்டம்பர் 16

சாரைக் கூப்பிட்டேன். அனுப்பிடாதீங்க சார், அதில் கோளாறு இருக்கிறது என்றேன்.

"யாரு தம்பி வரிசை வரிசையா உக்காந்து பாக்கப் போறா?"

"நானா இருந்தா பாப்பேன் சார்."

"நீங்க மில்லுல பாப்பீங்க. இவங்க பாக்க மாட்டாங்க. சரி, நல்லதா ஒண்ணு செஞ்சு தாங்க. ஒம்பதாம் தேதி வரைக்கும் பொறுக்கறேன். அதுக்கு மேல கையில இருக்கறத அனுப்பிருவேன். எனக்கும் இது வேணும். ரெண்டு வருசத்துல ரிட்டயர்டு."

அப்படியானால் அந்தப் பொய்த்தாள் அவர் கையில் இருந்துகொண்டே இருக்கும்.

செப்டம்பர் 18

நல்ல பொய்க்கு வழி கண்டுபிடித்தேன். கஷ்டமான வரிசைகளில் மட்டும் மாற்ற வேண்டும். எவை கஷ்டம்? அது தெரிய ஒவ்வொரு வரிசையாகப் படித்து நானே யோசிக்க வேண்டும்.

இரண்டாம் நடுவருக்கென்று ரீனா தனியாகத் தயாரித்த வெற்றுத் தாள் இருக்கிறது. அவள் தீர்ப்பு அதில் இல்லை. கூடவே மூன்று பக்கத்துக்கு விதிகள். ஆங்கிலமும் தமிழும் கலந்து, அவள் பேசுகிற மாதிரியே. முதல் விதி: 'ஒரே மாதிரி இருந்தா உடனே சந்தோஷப்படாதே.'

நாலு வரிசை யோசித்துப் போட்டேன். ஐந்தாவது போடும்போதுதான் உறைத்தது. பொய் செய்வதற்காக உட்கார்ந்தவன் நிஜ வேலையைச் செய்துகொண்டிருக்கிறேன்.

அப்படியென்றால் முழுவதையும் செய்தால் என்ன? அவள் பத்தியை நான் பார்த்ததில்லை. அம்மா, ஐந்து, இந்த இரண்டு வரிசை தவிர.

செப்டம்பர் 21, ஞாயிறு

ஆறு மாதமாகத் திறக்கத் தோன்றாத ஃபைல். பார்க்கக் கூடாது என்று ஆனதிலிருந்து கை அதற்குத்தான் போகிறது. அவளுடைய தீர்ப்புக்குப் பக்கத்தில் குறிப்பு என்று இன்னொரு பத்தி உண்டு. ராத்திரிகளில் அதில் என்னவோ தட்டிவிட்டுத் தனியாகச் சிரிப்பாள். "என்ன?" என்று கேட்டால் "ஒன்ன வையிறேன்" என்பாள்.

அவள் கடைசியாக எழுதியது அதில்தான் இருக்கிறது.

காலையில் அந்த ஃபைலைப் பென் டிரைவில் போட்டேன். என் கம்ப்யூட்டரிலும் போனிலும் இருந்ததைப் பொய்த்தாளோடு சேர்த்து அழித்தேன். பூசை முடிந்து அத்தை வந்ததும் கையில் கொடுத்தேன். சாரிடமும் ஒரு பிரதி இருக்கிறது, ஆனால் அவரிடம் போய்க் கேட்க மாட்டேன். சார் சொன்னது எதையும் அத்தையிடம் சொல்லவில்லை. ரெண்டாவது ஆளாக நான் போடுகிறேன், நான் அவள் போட்டதைப் பார்த்துவிடக் கூடாது என்று மட்டும் சொன்னேன்.

அத்தைக்கு உடனே புரிந்தது. "ரெண்டு பேரு பேப்பர் திருத்தற மாதிரி. மொத ஆளு மார்க்க ஒட்டி மறைச்சிட்டுத்தான் ரெண்டாவது ஆளுக்குக் குடுப்போம்."

ஜெபமாலை வைக்கும் தகர டப்பாவுக்குள் போட்டு மூடினார்.

செப்டம்பர் 22

அப்பா செம்பட்டியிலிருந்து போன். "ஏலே, சாப்டியா?" சாப்பிட்டேன் என்றேன். பொய்.

செப்டம்பர் 24

மீன்: லத்தீன் பிஸ்கிஸ், ஐரிஷ் ஈயஸ்க். நிறைந்த: லத்தீன் ப்ளேனுஸ், ஐரிஷ் லான். அப்பா: லத்தீன் பாத்தேர், ஐரிஷ் அத்திர்.

முதல் பார்வையில் ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லை. விதியில் ரீனா எழுதியிருக்கிறாள்: 'ஒரு தடவை நடந்தா தற்செயல். மூணு சொல்லிலாவது அதே மாதிரி நடக்கணும்.' மூன்றிலும் தொடக்கத்தில் இருந்த ப ஐரிஷில் விழுந்துவிட்டது. மில்லிலும் இதுதான். ஒரு இடத்தில் ஒரு தடவை நூல் அறுந்தால் யாரும் கவலைப்படுவதில்லை. அதே இடத்தில் திரும்பத் திரும்ப அறுந்தால் உள்ளே காரணம் இருக்கிறது.

இதை அவளிடம் சொல்லியிருந்தால் "ஏ, இது நல்லாருக்கே" என்று எழுதி வைத்துக்கொண்டிருப்பாள்.

இல்லாமல் போன ஒலி விட்டுப்போன இடத்தை வைத்தே அது இருந்ததைச் சொல்கிறார்கள். மூன்று சொல்லும் ஒரே ஒலியை மறந்திருக்கின்றன என்றால் மறக்க ஏதோ இருந்திருக்கிறது.

செப்டம்பர் 27

வைத்திரு: ஆங்கிலம் ஹேவ், லத்தீன் ஹாபேரே. பொருளும் ஒன்று, ஒலியும் ஒன்று. உறவு என்று போட்டுவிட்டு டீ போட எழுந்தேன். அடுப்பைப் பற்ற வைத்தபோதே உறுத்தியது.

திரும்பி வந்து தேடினேன். லத்தீனில் கோர், ஆங்கிலத்தில் ஹார்ட். கெந்தும், ஹண்ட்ரட். கார்னு, ஹார்ன். லத்தீனில் க இருந்தால்தான் ஆங்கிலத்தில் ஹ வரும். அப்படியானால் ஹேவுக்குச் சொந்தம் ஹாபேரே இல்லை. க-வில் தொடங்குகிற வேறொன்று. ஒன்று போலவே இருப்பதால்தான் இவை சொந்தமில்லை.

அடித்து மாற்றினேன். பரீட்சையில் கடைசி நிமிஷத்தில் சரியான விடை கிடைத்த மாதிரி.

டீ கொதித்து வழிந்துவிட்டது.

சார் இரண்டு தடவை கூப்பிட்டார். "எம்புட்டு முடிஞ்சது?" பாதி என்றேன். நானும் பாதி என்கிறேன்.

அக்டோபர் 1, ஆயுத பூஜை

மெஷின்களுக்கெல்லாம் சந்தனம், குங்குமம். சத்தமே இல்லாத மில். பொரிகடலைப் பொட்டலத்தோடு மதியமே வீட்டுக்கு வந்துவிட்டேன்.

விதவை: சமஸ்கிருதம் விதவா, லத்தீன் விதுவா, வெல்ஷ் க்வெத்து, ஆங்கிலம் விடோ. எல்லாம் ஒரே வேர். சந்தேகமே இல்லை. எழுத்து இல்லாத காலத்திலேயே இதற்கு ஒரு சொல் இருந்திருக்கிறது.

அடுத்த வரிசை: மனைவியை இழந்தவன்.

இந்தப் பக்கம் பார்த்தால் அதே வேர். ஆனால் சொல்லின் வால் வேறு வேறு. ஆங்கிலத்தில் ஒரு வால், லத்தீனில் ஒரு வால். தாய்மொழியிலேயே இருந்ததா, இல்லை பெண்ணுக்கான சொல்லில் பின்னால் ஆளுக்கு ஆள் ஒட்டுப் போட்டுக்கொண்டார்களா? விதிப்படி 'தாய்மொழியில் இல்லை' என்றுதான் போட வேண்டும், எனக்குத் தெரிகிறது.

போட முடியவில்லை.

தமிழில் தேடினேன். தபுதாரன் என்று பழைய சொல் ஒன்று இருக்கிறது. யாராவது சொல்லிக் கேட்டிருக்கேனா? மில்லில் என்னை 'சம்சாரம் இல்லாதவரு' என்கிறார்கள். கல்யாணமே இன்னும் ஆகாதவன் போல.

இருந்தது என்று போட்டேன். ஒரே வேர், தாய்மொழியிலேயே இருந்தது. எங்கேயாவது இருந்திருக்கணும்ல?

அக்டோபர் 3

ரீனா அந்த வரிசைக்கு என்ன எழுதியிருப்பாள்? இரண்டு நாளாக இதே.

காலையில் மில் பஸ்ஸை விட்டுவிட்டு அத்தை வீட்டுக்குப் போனேன். வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார்.

"அத்தை, அந்தப் பென் டிரைவக் குடுங்க. ஒரே ஒரு வரிசை பாத்துட்டுத் தந்துர்றேன்."

"முடிச்சிட்டீங்களா?"

"இன்னும் இருபது இருக்கு."

"அப்பப் பரீட்சை முடியல."

"அத்தை, அவ எனக்குப் பொண்டாட்டி."

கத்திவிட்டேன். பக்கத்து வீட்டு ஜன்னல் திறந்து மூடியது. அத்தை கத்தியைக் கீழே வைத்தார். என் முகத்தைப் பார்க்கவில்லை.

"எனக்கு மக. நானும் தொறக்கல. டப்பா அலமாரியிலதான் இருக்கு. அந்தா தெரியுது பாருங்க. எடுக்கறதுன்னா நீங்களே எடுத்துக்கங்க. நான் எடுத்துத் தர மாட்டேன்."

அலமாரி வரை போனேன். டப்பாவின் மேல் கை வைத்தேன். ஆடினால் உள்ளே பென் டிரைவ் ஜெபமாலையில் பட்டு ஒரு சத்தம் வரும் போலிருந்தது.

வெறுங்கையோடு திரும்பி வந்தேன். "சோத்துக்கு வெஞ்சனம் ஆயிரும், இருந்து சாப்ட்டுப் போங்க" என்றார். தட்டில் போட்டதை எல்லாம் சாப்பிட்டேன். முதல் வாய் வைக்கும்போதே அழுகை வந்துவிட்டது. மார்ச்சிலிருந்து இன்றுதான். அத்தை இன்னொரு கரண்டி ரசம் ஊற்றினார்.

அக்டோபர் 6

முடிந்தது. அந்த வரிசையைத் திருத்தலாமா என்று மூன்று தடவை திறந்தேன். திருத்தவில்லை. அது தப்பு என்று எனக்குத் தெரியும். ஆனால் நடுவர் போட்டது போட்டதுதான்.

அக்டோபர் 8

சாரிடம் சொன்னேன். தாள் தயார், ஆனால் என் பெயரில் அனுப்புவேன். நான் மொழியியல் படித்தவனில்லை, அவள் கணவன், இரண்டு வரிசை முன்பே பார்த்துவிட்டேன், எல்லாவற்றையும் எழுதுவேன் என்றேன்.

"மில் இன்ஜினியர் போட்ட தீர்ப்ப எவன் தம்பி ஒத்துக்குவான்? கட்டுரையத் திருப்பி மூஞ்சில அடிப்பான். அவளுக்குக் கெடைக்கறதையும் கெடுக்கறீங்க."

"இருக்கலாம் சார்."

"எம்பேரு?"

"நீங்க போடலைன்னு மட்டும் எழுதுவேன். உங்களப் பத்தி வேற எதுவும் எழுத மாட்டேன்."

போனை வைத்துவிட்டார். நாளை ஒன்பதாம் தேதி. அவர் கையில் அந்தப் பழைய தாள் இருக்கிறது.

அக்டோபர் 9, வியாழன்

லீவு போட்டேன். காலை முதல் வேலையாக அத்தை வீடு. சார் சொன்னது, நான் செய்த புரோகிராம், எல்லாவற்றையும் சொன்னேன்.

அத்தை தகர டப்பாவை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். அப்புறம் கேட்டார்: "நீங்க சொல்லாட்டி அவனுகளுக்குத் தெரியுமா?"

"தெரியாமலும் போகலாம்."

"சொன்னா வராமப் போயிருமா?"

"போகலாம் அத்தை."

"ஃபாதர்கிட்டச் சொல்லிட்டேன். பழைய டீச்சருங்க எல்லார்கிட்டயும் சொல்லிட்டேன்." சேலை முந்தியால் டப்பாவைத் துடைத்தார். துடைக்க அதில் தூசியே இல்லை. "காப்பி அடிச்ச பேப்பர நான் ஒரு நாளும் பாஸ் போட்டதில்ல. அவளுக்குத் தெரியும் அது." பென் டிரைவை எடுத்து என் உள்ளங்கையில் வைத்தார்.

அங்கேயே லேப்டாப்பைத் திறந்தேன். குறிப்புப் பத்தியை மறைத்து வைத்துவிட்டு இரண்டு தீர்ப்புகளையும் மட்டும் ஒப்பிட்டேன். பெரும்பாலும் ஒத்துப்போகிறது. ஒத்துப்போகாதவை எல்லாம் கஷ்டமான இடங்களில், கூட்டமாக. மனுஷன் செய்த தப்பு மாதிரியே இருந்தது. பார்க்கத் திருப்தியாக இருந்தது.

மனைவியை இழந்தவன் வரிசை ஒத்துப்போகவில்லை. விதிப்படி இரண்டு நடுவரும் உட்கார்ந்து பேசி முடிவு செய்ய வேண்டும். பேச முடியாவிட்டால் அந்த வரிசையைக் கணக்கில் சேர்க்காமல் விட வேண்டும்.

விட்டேன்.

முதல் நடுவர் மார்ச்சில் இறந்துவிட்டார் என்று எழுதினேன். அந்த வாக்கியத்தை ஆங்கிலத்தில் எழுதுவது சுலபமாக இருந்தது. சார் முந்துவதற்குள், பதினொரு மணிக்கு அனுப்பினேன், சாருக்கும் ஒரு பிரதியோடு.

அக்டோபர் 12, ஞாயிறு

நேற்றிரவு மழை. வேல்ஸிலிருந்து காலையில் பதில். இந்த இதழில் வராது. தேர்ந்த ஆள் ஒருவரை வைத்து மறுபடி ஒரு தீர்ப்பு வாங்குவார்களாம், அடுத்த வருஷ நடுவில் ஆகலாம், அப்போதும் உறுதி சொல்ல முடியாதாம். ஆனால் ரீனாவின் பத்தியை ஒரு எழுத்து மாற்றாமல் அப்படியே வைத்துக்கொள்கிறார்கள். என்னுடைய தாளையும் தனியாகச் சேர்த்துக்கொள்ள அனுமதி கேட்டிருக்கிறார்கள். கடைசியில் இரண்டு வரி இரங்கல்.

அத்தையிடம் சொன்னேன். "கல்லறைத் திருநாளுக்கு இல்லையா?"

"இல்ல அத்தை."

"சரி. வரும்போது மெழுகுவத்தி மட்டும் நல்லதாப் பாத்து வாங்கிட்டு வாங்க. போன தடவ வாங்கினது காத்துல நிக்கல."

சார் வியாழக்கிழமையிலிருந்து கூப்பிட்டுக்கொண்டே இருக்கிறார். ஒரு தடவை எடுத்தேன். கத்தினார். கேட்டுக்கொண்டேன். முடிவில் குரல் இறங்கி, "அவ குறிப்பெல்லாம் படிச்சீங்களா தம்பி?" என்றார். இல்லை என்றேன். இப்போது மறுபடி அடிக்கிறது.

வேலையை ஒப்படைத்தாகிவிட்டது. இனி நான் நடுவர் இல்லை. மறைத்து வைத்த பத்தியைத் திறந்தேன்.

முதல் வரிசை, அம்மா. பக்கத்தில் ரீனா: 'இதுல கூட தப்பு விட்டா அந்த ஆளு நடுவரா இருக்க லாயக்கில்ல.'

சிரித்துவிட்டேன். சத்தமாக, வீட்டில் யாரும் இல்லாமல்.

இரண்டாவது வரிசையில் என்னை ஒரு முறை லூசு என்று திட்டியிருக்கிறாள். காரணம் இன்னும் புரியவில்லை. விதவைக்கு அடுத்த அந்த வரிசை ரொம்பக் கீழே இருக்கிறது. தாண்டிப் போய்ப் பார்க்கப் போவதில்லை. வரிசையாகத்தான் வருவேன்.

மூன்றாவது வரிசை. போன் நெஞ்சில் அதிர்ந்துகொண்டே இருந்தது. எடுத்து, அணைத்து, அலமாரியில் வைத்துவிட்டேன்.